இவன்தான்... நான் பார்த்தேன்!



இன்டர்னல் டெஸ்ட் எல்லாம் முடிஞ்சு கொஞ்சம் மூச்சு விட்டுட்டு இருக்கீங்களா? இந்த வாரமும் வழக்கம்போல கேன்டீன் கலாட்டா எழுதலாம்னுதான் உட்கார்ந்தேன். ஆனா ஒரு விஷயம் ரொம்ப நாளா உள்ளுக்குள்ள உறுத்திக்கிட்டே இருக்கு. சொல்லிட்டா எனக்கு நிம்மதி. உங்களுக்கும் என்னைக்காவது ஒருநாள் உதவும்.

எங்க ஊர் அம்பகரத்தூர். காரைக்கால்லேர்ந்து திருநள்ளாறு தாண்டி மேற்கே வந்தா வரும். பைக்ல கொஞ்ச தூரம் போனா தமிழ்நாடு பார்டர். சாதாரண நாள்ல அமைதியான ஊர். ஆனா பத்ரகாளியம்மன் கோயில் திருவிழான்னா சுத்துப்பட்டு ஜனம் மொத்தமும் இங்கதான் நிக்கும். போன வருஷத் திருவிழாவுல நானும் என் ஃப்ரெண்டும் ராட்டினத்துக்குப் பக்கத்துல நின்னுட்டு இருந்தோம். அவன் புது செல்போன்ல வீடியோ எடுத்துட்டு இருந்தான். திடீர்னு பக்கத்துலேர்ந்து ஒரு கை... போன் போச்சு! பிடுங்கினவன் கூட்டத்துக்குள்ள ஓடிட்டான்.

நான் பார்த்தேன். சத்தியமா பார்த்தேன். நீலக் கட்டம் போட்ட சட்டை, ஒல்லி உடம்பு, சுருட்டை முடி. எல்லார்கிட்டேயும் அதையேதான் சொன்னேன். பத்து நிமிஷத்துல நாலு அண்ணன்கள் சேர்ந்து பஸ் ஸ்டாப்லேர்ந்து ஒரு பையனை இழுத்துட்டு வந்தாங்க. நீலக் கட்டம் போட்ட சட்டை. ஒல்லி. சுருட்டை முடி.

"தம்பி, இவனா பாரு!"

பார்த்தேன். ஏற்கெனவே பார்த்த முகம். மனசுக்குள்ள பளிச்சுனு லைட் எரிஞ்சுது. "ஆமாண்ணே, இவன்தான்!"னு சொல்லிட்டேன். அடுத்த செகண்டே ரெண்டு அறை. ஒருத்தர் சட்டையைப் பிடிச்சு உலுக்கினதுல பாக்கெட் கிழிஞ்சு தொங்குது. அந்தப் பையன் அழலை. என்னையே பார்த்துச் சொன்னான்... "அண்ணே, பஜ்ஜிக் கடையில உங்களுக்கு முன்னாடி நின்னேனே... பத்து ரூபாய்க்கு சில்லறை மாத்திக் கொடுத்தேனே..."

அப்பத்தான் எனக்கு உறைச்சுது. முகம் தெரிஞ்ச முகம்தான். ஆனா பார்த்த இடம் ராட்டினம் இல்லை, பஜ்ஜிக் கடை!

கொஞ்ச நேரத்துல திடலோட அந்தப் பக்கம் வேற ஒரு ஆளைப் போனோட பிடிச்சுட்டாங்க. வயசு முப்பதுக்கு மேல இருக்கும். சட்டையில கட்டமே இல்லை, ப்ளெயின். முடி, மொட்டை போட்டு ரெண்டு மாசம் ஆன மாதிரி இருந்துது. நான் "சத்தியமா பார்த்த" ஆளுக்கும் அந்த ஆளுக்கும் ஒரு பொருத்தமும் கிடையாது. பையன்கிட்ட சாரி கேட்டேன். "பரவாயில்லண்ணே"ன்னு சொல்லிட்டு, கிழிஞ்ச பாக்கெட்டைக் கையால அழுத்திப் பிடிச்சுக்கிட்டே பஸ் ஏறிட்டான். பேர்கூட நான் கேட்கலை.

அன்னைக்கு அந்த இன்னொரு ஆள் சிக்காம போயிருந்தா? கேஸ் போட்டிருப்பாங்க. 'நேரில் கண்ட சாட்சி'ன்னு என் பேர் இருந்திருக்கும். நானும் கோர்ட்டுக்குப் போய் அதே நம்பிக்கையோட கை நீட்டியிருப்பேன். பொய் சொல்றேன்னே எனக்குத் தெரியாது. ஏன்னா நான் பொய் சொல்லலை, தப்பாச் சொன்னேன். இந்த ரெண்டுக்கும் நடுவுலதான் இந்த வார மேட்டரே இருக்கு!

எஃப்.ஐ.ஆர். போட்டா எல்லாம் முடிஞ்சுதா?

எங்க தெருவுல ஒரு வக்கீல் மாமா இருக்கார். காரைக்கால் கோர்ட்ல பிராக்டிஸ். அவர் திண்ணையில போய் உட்கார்ந்து, "அந்தப் பையன் மேல கேஸ் போயிருந்தா என்ன மாமா ஆகியிருக்கும்?"னு கேட்டேன். "டேய், உங்க இன்ஜினீயரிங்ல ஒரு பார்ட் வெளியே போறதுக்குள்ள எத்தனை இடத்துல டெஸ்ட் பண்ணுவீங்க? கேஸும் அப்படித்தான். ஒவ்வொரு இடத்துலயும் நிறுத்திக் கேள்வி கேட்கலாம். கேட்கத் தெரியணும், அவ்வளவுதான்"னார்.

அவர் சொன்னதை நம்ம பாஷையில சொல்றேன். எஃப்.ஐ.ஆர்.ங்கறது வெறும் புகார்ப் பதிவு. அது ஆரம்பம்தான், ஆதாரம் இல்லை. அப்புறம் போலீஸ் விசாரிச்சு, சாட்சிகள் சொன்னதை எழுதி, குற்றப்பத்திரிகை தாக்கல் பண்ணுவாங்க. அதைத்தான் சார்ஜ் ஷீட்னு சொல்றோம். அதுவும் போலீஸோட முடிவுதான், கோர்ட்டோட முடிவு இல்லை. அதைப் படிச்சுப் பார்த்து, "இந்த ஆள் மேல விசாரணை நடத்துற அளவுக்கு இதுல விஷயம் இருக்கா?"ன்னு நீதிபதி முடிவெடுப்பார். இருந்தா குற்றச்சாட்டு வனைவார். இல்லைன்னா அந்த இடத்துலயே விடுவிப்பார். இதுக்குப் பேர் டிஸ்சார்ஜ். விசாரணை முழுசா நடந்து, கடைசியில 'குற்றவாளி இல்லை'ன்னு விடுதலை ஆகறது வேற, இது வேற. இதுல விசாரணையே ஆரம்பிக்காது.

முன்னாடி இது குற்றவியல் நடைமுறைச் சட்டத்தோட 227, 239-ம் பிரிவுகளில் இருந்துது. 2024 ஜூலை 1 முதல் அமலுக்கு வந்த பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவுல 250, 262-ம் பிரிவுகள். புதுசா ஒரு கெடுவும் வந்திருக்கு. டிஸ்சார்ஜ் மனுவை 60 நாளுக்குள்ள போடணும். செஷன்ஸ் கேஸ்னா அந்தக் கோர்ட்டுக்கு அனுப்பின நாள்லேர்ந்து, மாஜிஸ்ட்ரேட் விசாரிக்கிற வாரன்ட் கேஸ்னா ஆவண நகல்கள் கிடைச்ச நாள்லேர்ந்து கணக்கு. 'செமஸ்டர் முடியட்டும், பார்த்துக்கலாம்'னு இருந்தா டைம் ஓவர்!

நீதிபதி தபால் ஆபீஸ் இல்லை

டிஸ்சார்ஜ் கேட்கும்போது கோர்ட் எதைப் பார்க்கும்? இதுக்கு இன்னைக்கும் எல்லா வக்கீலும் தூக்கிக் காட்டற தீர்ப்பு, ஒடிசாவுலேர்ந்து வந்த பிரஃபுல்ல குமார் சமால் வழக்கு. 1978-ல சுப்ரீம் கோர்ட் சொன்னது. அரசுத் தரப்பு கொடுக்கறதை வாங்கி முத்திரை குத்தி அனுப்ப நீதிபதி தபால் ஆபீஸ் கிடையாது. அதே நேரத்துல, அந்தக் கட்டத்துலயே முழு விசாரணை நடத்தவும் கூடாது. பேப்பர்ல இருக்கறதைச் சலிச்சுப் பார்க்கணும். வெறும் சந்தேகம்தான் தெரியுதுன்னா, விடுவிக்கணும். பலமான சந்தேகம் இருந்து, அதுக்கு எதிர்த்தரப்பு விளக்கமும் இல்லைன்னா, குற்றச்சாட்டு வனையணும்.

இங்கதான் நம்மள்ல பலபேர் தப்புக்கணக்குப் போடறோம். "அந்தச் சாட்சி பொய் சொல்றான் சார்"னு இந்தக் கட்டத்துல வாதாடிப் பிரயோஜனம் இல்லை. அதெல்லாம் விசாரணையில, குறுக்கு விசாரணையில பார்க்கிற விஷயம். இங்க கேட்கவேண்டிய கேள்வி வேற: "சாட்சி சொன்னதெல்லாம் அப்படியே உண்மைன்னு வச்சுக்கிட்டாலும், இந்த ஆள் இந்தக் குற்றம் செய்தார்னு வருதா?" உதாரணமா, பத்துப் பேர் வாக்குமூலத்துலயும் 'ஒரு கும்பல் கல் எறிஞ்சுது'ன்னு மட்டும்தான் இருக்கு, உங்க பேரோ அடையாளமோ ஒரு இடத்துலயும் இல்லைன்னா, அது பலமான வாதம். ஆனா 'நீலக் கட்டச் சட்டைக்காரன் எடுத்தான், ஆளைக் காட்டினா அடையாளம் சொல்வேன்'னு என்னை மாதிரி ஒருத்தன் எழுதிக் கொடுத்து, அப்புறம் கையும் காட்டிட்டா? டிஸ்சார்ஜ் கிடைக்கறது கஷ்டம். அப்போ சண்டை முழுக்க அந்தக் கை நீட்டலைப் பத்தித்தான்.

கொஸ்டின் பேப்பர் அவுட்!

பேப்பர்ல பார்த்திருப்பீங்க. போலீஸ் பிடிச்சுட்டு வர்றவங்க முகத்தைத் துணியால மூடியிருப்பாங்க. வெட்கத்துக்காக மூடறாங்கன்னுதான் நான் ரொம்ப நாள் நினைச்சுட்டு இருந்தேன். அடையாள அணிவகுப்பு நடக்கறதுக்கு முன்னாடி சாட்சி அந்த முகத்தைப் பார்த்துடக் கூடாது, அதுவும் ஒரு காரணம்!

அடையாள அணிவகுப்புன்னா இதுதான். பிடிபட்ட ஆளை, அவரை மாதிரியே வயசும் தோற்றமும் உள்ள பலரோட வரிசையில நிறுத்துவாங்க. நடத்தறவர் மாஜிஸ்ட்ரேட். போலீஸுக்கு அங்க வேலை இல்லை. சாட்சி தனியா வந்து, 'இவர்தான்'னு தொட்டுக் காட்டணும். ஆனா இது மட்டுமே தண்டனைக்கு ஆதாரம் ஆகாது. கோர்ட்ல சாட்சிக் கூண்டுல நின்னு அடையாளம் காட்டறதுதான் அசல் சாட்சியம். அணிவகுப்பு அதுக்குத் துணை, அவ்வளவுதான். ஆனா முன்பின் தெரியாத ஆளைப் பத்தின கேஸ்ல இந்தத் துணை இல்லைன்னா அசலும் ஆட்டம் காணும். சம்பவம் நடந்து பல வருஷம் கழிச்சு, குற்றவாளிக் கூண்டுல நிக்கற ஆளைப் பார்த்து 'இவர்தான்'னு சொல்றதுல என்ன பெரிய கஷ்டம்? அங்க நிக்கறதே அவர் ஒருத்தர்தானே!

முதல்லயே சாட்சிகிட்ட போட்டோவைக் காட்டிட்டு, அப்புறம் அணிவகுப்பு வச்சா? எக்ஸாமுக்கு முன்னாடியே கொஸ்டின் பேப்பர் அவுட் ஆன மாதிரி! நூத்துக்கு நூறு எடுத்தாலும் அந்த மார்க்குக்கு மதிப்பு இல்லை.

இது நம்மள மாதிரி ஸ்டூடன்ட்ஸ் சம்பந்தப்பட்ட ஒரு கேஸ்லயே நடந்திருக்கு. 2000 ஜூலை 12, திருவனந்தபுரம். கல்லூரிகள்லேர்ந்து ப்ரீ-டிகிரி படிப்பைப் பிரிக்கற முடிவை எதிர்த்து மாணவர் போராட்டம். அது கலவரமா மாறி, அரசு பஸ்களை அடிச்சு நொறுக்கினாங்க. ஒரு பஸ் கண்டக்டர் அடிபட்டு இறந்துட்டார். கேஸ் கோர்ட் கோர்ட்டா ஏறி, கிரீசன் நாயர் வழக்குன்னு சுப்ரீம் கோர்ட் வரை போச்சு. 2022 நவம்பர்ல தீர்ப்பு. அடையாள அணிவகுப்புக்கு முன்னாடியே குற்றம் சாட்டப்பட்டவங்களைச் சாட்சிகள் பார்த்துட்டாங்க, அதனால அந்த அணிவகுப்பை நம்ப முடியாதுன்னு சொல்லி, அப்பீல் பண்ணினவங்களை விடுதலை செஞ்சாங்க. நடுவுல போனது 22 வருஷம். அந்தக் கண்டக்டரோட குடும்பத்துக்கும் அதே 22 வருஷம்தான். யார் அடிச்சாங்கங்கற கேள்விக்கு அவங்களுக்கு என்ன பதில் கிடைச்சுது?

கும்பல் கேஸ்னா இன்னும் ஒரு பாதுகாப்பு இருக்கு. உத்தரப்பிரதேசத்து மசால்டி வழக்குல 1964-லேயே சுப்ரீம் கோர்ட் சொன்னது. பெருங்கூட்டம் செஞ்ச குற்றத்துல, ஒரே ஒரு சாட்சி கை நீட்டினா போதாது, ரெண்டு மூணு சாட்சியாவது முரண் இல்லாம ஒருத்தரைக் காட்டணும்னு கோர்ட் பார்க்கறது விவேகம். சட்டத்துல எழுதி வச்ச கணக்கு இல்லை, எச்சரிக்கைக்கு ஒரு அளவுகோல். கூட்டத்தோட கூட்டமா வேடிக்கை பார்த்து மாட்டினவங்களைக் காப்பாத்தற அளவுகோல்!

காஞ்சியில கொலை, புதுச்சேரியில விசாரணை

நம்ம புதுச்சேரி யூனியன் பிரதேசத்துல நடந்த பெரிய கேஸ் ஒண்ணு உங்களுக்குத் தெரிஞ்சிருக்கும். காஞ்சிபுரம் வரதராஜப் பெருமாள் கோயில் மேலாளர் சங்கரராமன் கொலை வழக்கு. 2004 செப்டம்பர் 3-ம் தேதி கோயில் வளாகத்துக்குள்ளேயே வெட்டிக் கொன்னாங்க. அந்த வருஷ நவம்பர்ல சங்கராச்சாரியார் ஜெயேந்திரர் கைது ஆனதுல நாடே அதிர்ந்துது. தமிழ்நாட்டுல விசாரணை நியாயமா நடக்காதுன்னு சொன்னதால, 2005-ல சுப்ரீம் கோர்ட் இந்தக் கேஸை புதுச்சேரிக்கு மாத்துச்சு.

குற்றச்சாட்டு வனையற கட்டத்தை எல்லாம் தாண்டி, 189 சாட்சிகளை விசாரிச்சாங்க. அதுல 83 பேர் பிறழ் சாட்சி ஆயிட்டாங்க. பிறழ் சாட்சின்னா, போலீஸ்ல சொன்னதாப் பதிவானதை கோர்ட்ல வந்து மறுக்கறவங்க. அப்ரூவர் ஆனவரும் பல்டி அடிச்சார். கொலை செய்யப்பட்டவரோட குடும்பத்தார் உட்பட, அடையாளம் காட்ட வேண்டிய முக்கியமான சாட்சிகள் கோர்ட்ல அடையாளம் காட்டலை. 2013 நவம்பர் 27-ம் தேதி புதுச்சேரி நீதிபதி சி.எஸ்.முருகன் தீர்ப்பு சொன்னார். உயிரோட இருந்த 23 பேரும் விடுதலை.

யார் செஞ்சாங்க, யார் செய்யலைன்னு நான் பேச வரலை. அது என் வேலையும் இல்லை. ஒரு விஷயம் மட்டும் கவனிங்க. சாட்சி ஏன் மாறினார்? மிரட்டலாலயா? இல்லை, முதல்ல போலீஸ்ல எழுதினதே அவர் சொன்னது இல்லையா? வெளியே நிக்கற நமக்குத் தெரியாது. ஆனா எது காரணமா இருந்தாலும் ரிசல்ட் ஒண்ணுதான். ஒரு மனுஷனைக் கோயிலுக்குள்ள வெட்டிக் கொன்னிருக்காங்க, ஒன்பது வருஷம் கழிச்சு ஒருத்தருக்கும் தண்டனை இல்லை. சாட்சியை மட்டுமே தூணா வச்சுக் கட்டின கேஸ்ல, தூண் சாய்ஞ்சா கூரையும் சேர்ந்து சாயும்.

கண் என்ன கேமராவா?

சரி, நான் ஏன் தப்பாச் சொன்னேன்? இதைத் தேடிப் படிச்சப்போதான் தெரிஞ்சுது, நான் ஒண்டி முட்டாள் இல்லைன்னு!

1974-ல அமெரிக்காவுல எலிசபெத் லாஃப்டஸ், ஜான் பாமர்னு ரெண்டு சைக்காலஜிஸ்ட்கள் 45 ஸ்டூடன்ட்ஸுக்கு கார் விபத்து ஃபிலிம் போட்டுக் காட்டினாங்க. அப்புறம் கார் என்ன வேகத்துல போச்சுன்னு கேட்டாங்க. கேள்வியில ஒரே ஒரு வார்த்தையைத்தான் மாத்தினாங்க. ஒரு குரூப்கிட்ட 'நொறுங்க மோதினப்போ', இன்னொரு குரூப்கிட்ட 'லேசா உரசினப்போ'ங்கற மாதிரி. முதல் குரூப் சொன்ன சராசரி வேகம் மணிக்கு 40 மைலுக்கு மேல. ரெண்டாவது குரூப் சொன்னது 32-க்கும் கீழ. பார்த்தது ஒரே ஃபிலிம்! அடுத்து இன்னொரு 150 பேரை வச்சுச் செஞ்சாங்க. ஒரு வாரம் கழிச்சு, 'உடைஞ்ச கண்ணாடி பார்த்தீங்களா?'ன்னு கேட்டாங்க. 'நொறுங்க'ன்னு கேள்வி கேட்கப்பட்ட 50 பேர்ல 16 பேர் 'பார்த்தேன்'னாங்க. ஃபிலிம்ல உடைஞ்ச கண்ணாடியே கிடையாது!

கேள்வியே ஞாபகத்தை மாத்துது. என்கிட்ட கேட்ட கேள்வியை இப்போ திருப்பிப் படிங்க. "தம்பி, இவனா பாரு!" கொண்டு வந்து நிறுத்தினது ஒரே ஒரு ஆள், சுத்தி நாலு பேர் பிடிச்சுட்டு நிக்கறாங்க. பதில் கேள்விக்குள்ளேயே இருக்கே!

பஜ்ஜிக் கடை முகத்தை ராட்டினத்துல கொண்டுபோய் ஒட்டினேனே, அதுக்கும் முன்னோடி இருக்கார். 1975-ல ஆஸ்திரேலியாவுல டொனால்ட் தாம்சன்னு ஒரு சைக்காலஜிஸ்ட். தன்னைத் தாக்கினவர் இவர்தான்னு ஒரு பெண் உறுதியா அடையாளம் காட்டினாங்க. ஆனா சம்பவம் நடந்த நேரத்துல அவர் டி.வி.யில நேரலையில பேசிட்டு இருந்தார். அந்தப் பெண் தாக்கப்பட்டப்போ வீட்டுல அந்த நிகழ்ச்சிதான் ஓடிட்டு இருந்துது. டி.வி.யில தெரிஞ்ச முகம், தாக்கினவன் முகமா மனசுல பதிஞ்சு போச்சு. அவர் அன்னைக்கு டி.வி.யில எதைப் பத்திப் பேசினார் தெரியுமா? நேரில் கண்ட சாட்சிகளோட ஞாபக சக்தியைப் பத்தி!

அமெரிக்காவுல டி.என்.ஏ. டெஸ்ட் மூலமா 'இவர் நிரபராதி'ன்னு நிரூபணமாகி வெளியே வந்த முதல் 375 பேரோட கேஸ்களைப் பார்த்தா, பத்துக்கு ஏழு கேஸ்ல தப்பான அடையாளம் காட்டல் இருக்கு. அந்தச் சாட்சிகள்ல பெரும்பாலானவங்க பொய்யர்கள் இல்லை. என்னை மாதிரி, சத்தியமா நம்பினவங்க.

விடுதலை ஆனா சரியாப் போச்சா?

"தப்பு செய்யலைன்னா கடைசியில வெளியே வந்துடலாமே, எதுக்குப் பயம்?"னு ஹாஸ்டல்ல ஒருத்தன் கேட்டான். அவனுக்கு எங்க தாத்தா காலத்துக் கதையைச் சொன்னேன்.

1944-ல ரிலீஸான 'ஹரிதாஸ்' மூணு தீபாவளி கண்ட படம். ஹீரோ எம்.கே.தியாகராஜ பாகவதர், இன்னைக்கு நாம சூப்பர் ஸ்டார்னு சொல்றோமே, அதுக்கும் மேல. அதே 1944 நவம்பர்ல, மஞ்சள் பத்திரிகை நடத்தின லட்சுமிகாந்தன் சென்னை வேப்பேரியில கத்தியால குத்தப்பட்டு மறுநாள் இறந்து போனார். பாகவதரும் கலைவாணர் என்.எஸ்.கிருஷ்ணனும் கைது. 1945-ல ஜூரி விசாரணை முடிஞ்சு ஆயுள் தண்டனை. கேஸ் லண்டன் பிரிவி கவுன்சில் வரை போய், மறு விசாரணைக்குத் திரும்பி வந்து, 1947 ஏப்ரல்ல சென்னை ஹைகோர்ட் ரெண்டு பேரையும் விடுதலை செஞ்சுது. தண்டிக்கற அளவுக்குச் சாட்சியம் நம்பும்படி இல்லை. ஆனா ஜெயில்ல போன ரெண்டரை வருஷம்? கலைவாணர் மறுபடி எழுந்து வந்தார். பாகவதருக்கு அந்தப் பழைய ராஜ்ஜியம் திரும்பக் கிடைக்கவே இல்லை. லட்சுமிகாந்தனைக் கொன்னது யாருங்கறதும் இன்னைக்கு வரை தெரியலை.

சூப்பர் ஸ்டாருக்கே அந்தக் கதின்னா நமக்கு? கேஸ் கோர்ட்ல நிலுவையில இருந்தா பாஸ்போர்ட்டுக்கு கோர்ட் அனுமதி வாங்கணும். கவர்ன்மென்ட் வேலைன்னா போலீஸ் வெரிஃபிகேஷன்ல நிக்கும். அதனாலதான் வக்கீல் மாமா அடிச்சுச் சொல்றார்: "கடைசியில ஜெயிக்கலாம்னு காத்திருக்காதே. முதல் கேட்லயே கேள்வி கேளு."

'அப்போ உண்மையான குற்றவாளி தப்பிச்சுட மாட்டானா?'ன்னு நீங்க கேட்கலாம். நியாயமான கேள்வி. ஆனா எங்க ஊர்த் திடலையே நினைச்சுப் பாருங்க. நாங்க அந்தப் பையனைச் சுத்தி நின்னு அடிச்சுட்டு இருந்த நேரத்துல, போனை எடுத்தவன் நிதானமா நடந்து போய்ட்டு இருந்தான். தப்பான ஆளைப் பிடிச்ச அந்த நிமிஷமே சரியான ஆளைத் தேடறதை நிறுத்திட்டோம்! அடையாளத்தைக் கேள்வி கேட்கறது குற்றவாளிக்குச் செய்யற உதவி இல்லை. பாதிக்கப்பட்டவங்களுக்குச் செய்யற உதவியும் அதுதான்.

நோட் பண்ணிக்கோங்க!

1. நீங்க சாட்சின்னா: பார்த்ததை உடனே, தனியா, தேதி நேரத்தோட எழுதி வைங்க. ஃப்ரெண்ட்ஸ்கிட்ட பேசறதுக்கு முன்னாடியே! பேசப்பேச அவங்க பார்த்ததும் நீங்க பார்த்ததும் கலந்துடும். எவ்வளவு தூரம், எவ்வளவு வெளிச்சம், எத்தனை செகண்ட்னும் எழுதுங்க. நான் எழுதியிருந்தா 'ரெண்டு செகண்ட், ஜெனரேட்டர் வெளிச்சம், முதுகுப் பக்கம்'னுதான் வந்திருக்கும்.

2. 'தெரியலை'ங்கறதும் ஒரு பதில்தான். அதைச் சொன்னா யாரும் உங்களைக் கோழைன்னு நினைக்க மாட்டாங்க. நினைச்சாலும் பரவாயில்லை.

3. 'திருடன் உஷார்'னு வாட்ஸ்அப் குரூப்ல வர்ற போட்டோவை ஃபார்வர்ட் பண்ணாதீங்க. தப்பான ஆளா இருந்தா அவர் வாழ்க்கை போச்சு. சரியான ஆளா இருந்தா அடையாள அணிவகுப்பே வீணாப் போச்சு!

4. உங்க மேல கேஸ் வந்தா: முதல்ல வக்கீல். ஃபீஸ் கொடுக்க வசதி இல்லைன்னா சட்டப் பணிகள் ஆணைக்குழு மூலமா இலவச சட்ட உதவி உண்டு. ஹெல்ப்லைன் நம்பர் 15100. எஃப்.ஐ.ஆர். நகல், குற்றப்பத்திரிகை நகல் ரெண்டையும் வாங்கி வரி வரியாப் படிங்க. உங்க பேர் எங்க, யார் வாயிலேர்ந்து, எந்தத் தேதியில முதல்ல வருதுன்னு பாருங்க. 60 நாள் கெடுவை மறக்காதீங்க.

5. அணிவகுப்புக்கு முன்னாடியே உங்களைச் சாட்சிக்குக் காட்டினாங்களா? போட்டோ எடுத்தாங்களா? மாஜிஸ்ட்ரேட் முன்னாடி நிக்கறப்பவே சொல்லிப் பதிவு பண்ணச் சொல்லுங்க. வருஷம் கழிச்சுச் சொன்னா 'இப்பத்தான் ஞாபகம் வந்துதா?'ன்னு கேட்பாங்க.

6. நீங்க வேற இடத்துல இருந்தீங்கன்னா அதுக்கான தடயத்தை அன்னைக்கே காப்பாத்துங்க. பஸ் டிக்கெட், ஹாஸ்டல் அவுட்பாஸ், பயோமெட்ரிக் அட்டெண்டன்ஸ். சி.சி.டி.வி. பதிவு கொஞ்ச நாள்ல அழிஞ்சுடும், அதனால உடனே எழுதிக் கேளுங்க. டிஸ்சார்ஜ் கட்டத்துல இதையெல்லாம் பொதுவா கோர்ட் பார்க்காது. ஆனா ஜாமீனுக்கும் விசாரணைக்கும் இதுதான் உயிர்.

7. வேலைக்கு அப்ளை பண்றப்போ கேஸை மறைக்காதீங்க. சில சமயம் கேஸைவிட மறைச்சதுதான் பெரிய பிரச்னை ஆகும்.

அவ்வளவுதான் ஃப்ரெண்ட்ஸ். இந்த வருஷமும் எங்க ஊர்ல திருவிழா வரும், ராட்டினம் வரும், பஜ்ஜிக் கடை வரும். அந்தப் பையன் வருவானான்னு தெரியாது. வந்தா இந்த முறை முதல்ல பேர் கேட்பேன். நிஜமாச் சொல்லணும்னா, அவனை மறுபடி பார்த்தா எனக்கு அடையாளம் தெரியுமாங்கறதே இப்போ சந்தேகம்தான்.

உங்களுக்கும் இப்படி ஒரு அனுபவம் இருக்கா? கை நீட்டினவரா, நீட்டப்பட்டவரா, யாரா இருந்தாலும் எழுதுங்க. அடுத்த வாரம் பார்க்கலாம்... பை!